செவலை எழுந்தால் உலை

நம் தெருவின் மூத்தவர்களே, போன ஞாயிற்றுக்கிழமை மொட்டை மாடியில் நடந்த கூட்டத்தில் நான் ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை என்று உங்களில் சிலருக்கு ஆச்சரியமாம். முப்பது வருஷம் வகுப்பில் கத்திக் கத்தியே தொண்டை காய்ந்தவள், டீயைக் குடித்துவிட்டுப் பேசாமல் இறங்கிப் போய்விட்டாளே என்று சொல்லிக்கொண்டீர்களாம். பேச முடியவில்லை, அதுதான் விஷயம். தெருவில் படுத்துக் கிடக்கும் ஆறு நாய்களையும் ஒரு வண்டி பிடித்து உப்பளத்துக்கு அந்தப் பக்கம் கொண்டு விட்டுவிடலாம் என்று ஒரு அண்ணாச்சி சொன்னார். "அங்கன லாரி ஆளுங்க இருக்காவ, சோறு போடுவாவ. நாம என்ன கொல்லவா போறோம்?" என்றார். இதே பேச்சை நான் ஏற்கெனவே ஒரு தடவை கேட்டிருக்கிறேன். அப்போது எனக்குப் பத்து வயது. அன்றைக்கும் நான் வாயைத் திறக்கவில்லை.

பேரப்பிள்ளைகளைக் கடித்துவிடுமோ என்ற பயம் எனக்கும் உண்டு. அதைத் தப்பென்று சொல்ல வரவில்லை. நடந்ததை மட்டும் சொல்கிறேன், பொறுமையாகக் கேளுங்கள்.

எங்கள் வீடு கடலைப் பார்த்த கடைசி வரிசையில் இருந்தது. வாசலில் இறங்கினால் மணல், நாலு எட்டு வைத்தால் வள்ளம். அந்த மணலில் யார் எங்கே இருக்கலாம் என்று யாரும் எழுதி வைக்கவில்லை, ஆனால் எல்லோருக்கும் தெரியும். ஏற்றி வைத்த வள்ளங்களின் நிழல் நாய்களுக்கு. வலைக்குவியல் பூனைகளுக்கு. கருவாடு காயும் இடத்தில் காக்கைகளுக்கும் பெண்களுக்கும் நாள் முழுக்கச் சண்டை, அதிலும் ஒரு முறை உண்டு. குச்சியை ஆட்டுவார்களே தவிர வீச மாட்டார்கள். ஆடுகள் ஏலக் கொட்டகையைச் சுற்றி வரும். மீனை முகர்ந்துகூடப் பார்க்காது, மீன் வைக்கிற ஓலைப்பெட்டியைத் தின்றுவிடும். மீனை ஏலம் விட்டு முடித்த ஏலக்காரர், பாதி பெட்டியைக் கையில் வைத்துக்கொண்டு ஆட்டுக்காரியைத் தேடிப் போவதை எத்தனையோ நாள் பார்த்திருக்கிறேன்.

டீசலும் நனைந்த கயிறும் காரல் மீனும் சேர்ந்த ஒரு வாடை அந்தக் கரையில் எப்போதும் இருந்தது. இன்றைக்கும் துறைமுகச் சாலையில் போகும்போது எங்கிருந்தாவது அது மூக்கில் ஏறினால் நான் ஆட்டோக்காரரைக் கொஞ்சம் நிறுத்தச் சொல்லுவேன்.

ஒவ்வொரு வள்ளத்துக்கும் ஒரு நாய் இருந்தது. கட்டிப் போட்ட நாய் இல்லை, வீட்டு நாயும் இல்லை. வள்ளத்து நாய். மீன் பிரிக்கும்போது முதலில் ஒரு கை காரல் தனியாக மணலில் விழும். அதை நாய்க்கூறு என்பார்கள். அது விழுந்த பிறகுதான் மற்றக் கூறு. மீன் படாத நாளிலும் நாய்க்கூறு உண்டு. அப்பா அந்த விஷயத்தில் மட்டும் கஞ்சத்தனம் காட்ட மாட்டார்.

எங்கள் வள்ளத்து நாய் செவலை. சித்தப்பாதான் அதைக் கொண்டுவந்தார். துறைமுகத்தில் கப்பலிலிருந்து கரி இறக்குகிற இடத்தில் கிடந்த குட்டியைச் சட்டைக்குள் போட்டுக்கொண்டு வந்தார். வந்த அன்று அது கன்னங்கரேல் என்று இருந்தது. "கரும்பன்னு பேரு வைப்போம்" என்றார். குளிப்பாட்டியதும் தண்ணீர் கறுப்பாக ஓடி, நாய் செவலையாக நின்றது. சித்தப்பா அதையே ஒரு வாரம் சொல்லிச் சொல்லிச் சிரித்தார். அவருக்கு அப்போது கல்யாணம் ஆகவில்லை. வள்ளத்தில் எஞ்சினுக்கு மேல் மரப்பெட்டி போட்டு மூடியிருக்கும். அந்தப் பெட்டிமேல்தான் அவர் உட்கார்ந்து வருவார். வந்து இறங்கியதும் எண்ணெய்க் கையோடு செவலையின் காதைப் பிடித்துத் திருகுவார். அதனால் அதன் இரண்டு காதும் எப்போதும் பிசுபிசுவென்று இருக்கும்.

எங்கள் எஞ்சின் பழசு. ஓடும்போது இரண்டு தடவை அடித்து, நடுவில் ஒரு விக்கல் விக்கும். கிட்டே வந்தால்தான் நமக்குக் கேட்கும். செவலைக்கு வெகு தூரத்திலேயே கேட்டுவிடும். நிழலில் செத்த மாதிரிக் கிடக்கிற நாய், திடீரென்று காதை நிமிர்த்தும். எழுந்து நனைமணல் வரைக்கும் போய் நிற்கும். வாலை ஆட்டும். அரை மணி, முக்கால் மணி நேரத்தில் அப்பாவின் வள்ளம் கண்ணுக்குத் தெரியும். ஒரு நாள்கூட அது தவறியதில்லை.

எங்கள் வீட்டில் மணி பார்த்து உலை வைப்பதில்லை. செவலை எழுந்தால் உலை. அதைப் பார்த்துச் சொல்ல வேண்டியது என் வேலை. பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் பையை எறிந்துவிட்டு மணலில் உட்காருவேன். அது எழுந்த உடனே, "எம்மா, செவலை எந்திச்சிட்டு" என்று கத்திக்கொண்டே குசினிக்கு ஓடுவேன். அம்மா அரிசியைக் களைவாள். கடலில் ஆள் வைத்திருக்கிற பெண்களுக்கு வயிற்றில் ஒரு முடிச்சு இருக்கும். அம்மாவுக்கு அந்த முடிச்சு என் குரலில்தான் அவிழும். அது எனக்குத் தெரியும், அதில் எனக்குப் பெருமையும் உண்டு.

அந்த வருஷம் ஆடி மாதத்தில் அப்பா புது எஞ்சின் வாங்கினார். பழைய எஞ்சினை, அதன் மரப்பெட்டியோடு, அம்மாவின் தம்பியான என் மாமா எடுத்துக்கொண்டார். மாமா வள்ளம் அதுவரை பாய் கட்டி ஓடியது. எஞ்சின் பொருத்த வேண்டும் என்று அதைத் தெற்கே தச்சர் கரைக்குக் கொண்டுபோனார். ஒரு வாரமாக அது அங்கேயே ஏறிக் கிடந்தது.

புது எஞ்சின் வழவழவென்று ஓடியது, விக்கல் இல்லை. முதல் மூன்று நாளும் அப்பா வந்தபோது செவலை எழவில்லை. வள்ளம் கரையில் முட்டி, சித்தப்பா சீட்டி அடித்த பிறகுதான் பதறியடித்து ஓடியது.

"என்னலே, அண்ணனுக்கு எஞ்சின் புதுசு, ஒனக்குக் காது பழசாயிட்டோ?" என்று சித்தப்பா அதன் காதைத் திருகினார்.

"வயசாயிட்டு, வேறென்ன" என்றாள் அம்மா. மூன்று நாளும் உலை பிந்தியதில் அவளுக்குக் கோபம்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்த வாரம் ஒரு சாம்பல் நிறப் பூனை, சுருட்டி வைத்திருந்த அப்பாவின் வள்ளத்துப் பாய்க்குள் நாலு குட்டி போட்டது. எஞ்சின் இருந்தாலும் வள்ளத்தில் பாயைப் போட்டுக்கொண்டு போவதுதான் வழக்கம், எஞ்சின் நின்றால் கரை சேர வேண்டுமே. சித்தப்பா குட்டிகளை இடம் மாற்றப் போனார். அப்பா தடுத்தார்.

"கண்ணு தெறக்கல, கை வச்சா தாய் தொடாது. கெடக்கட்டும். புது எஞ்சினுக்குப் பாய் என்னத்துக்கு?"

அது இரக்கமா, புது எஞ்சின் வந்த மிதப்பா என்று இப்போது யோசித்தால் இரண்டும்தான் என்று தோன்றுகிறது. அப்பா நல்ல மனுஷன். நல்ல மனுஷனுக்கும் மிதப்பு வரும்.

நாலாவது நாள் காலையிலிருந்தே கச்சான் பலமாக இருந்தது. கச்சான் என்பது மேற்கிலிருந்து அடிக்கிற காற்று. நம் கரையில் அது வள்ளத்தைக் கடலுக்குள் தள்ளும். மணல் பறந்து கண்ணில் அடித்தது. மத்தியானத்துக்குள் மற்ற வள்ளங்கள் எல்லாம் வந்துவிட்டன. எங்கள் வள்ளம் வரவில்லை. அப்பா, சித்தப்பா, கூடப் போன இரண்டு பேர். பள்ளிக்கூடம் விட்டு நான் வந்தபோது கரையில் கூட்டம் கூடியிருந்தது. அம்மா தலையில் முந்தானையைப் போட்டுக்கொண்டு ஜெபமாலையோடு நின்றாள்.

ஏலக்காரர்தான் ஆட்களைச் சேர்த்தார். இரண்டு வள்ளம் தேடிப் போவதாக முடிவாயிற்று. குடிக்கத் தண்ணீர்க் குடமும் பெட்ரோமாக்ஸ் விளக்கும் ஏற்றிவிட்டார்கள். பொழுது சாய இன்னும் இரண்டு மணி நேரம் இருந்தது. முதல் வள்ளத்தைத் தண்ணீருக்குள் தள்ளத் தோள் கொடுத்துவிட்டார்கள்.

அப்போது செவலை எழுந்தது.

நான்தான் முதலில் பார்த்தேன். காதை நிமிர்த்தியது. ஓட்டமும் நடையுமாக நனைமணலுக்குப் போயிற்று. வால் ஆடியது, உடம்பே ஆடியது. நான் கத்தினேன்: "எம்மா, செவலை எந்திச்சிட்டு!"

அம்மா அப்படியே மணலில் உட்கார்ந்துவிட்டாள். பிறகு எழுந்து, வள்ளம் தள்ளுகிறவர்கள் பக்கம் கையை நீட்டினாள்.

"போகாண்டாம். அவிய வந்துட்டாவ. நாய் எந்திச்சிட்டுல்லா. இந்தக் காத்துல ஊரான் புள்ளைகளை எதுக்குக் கடலுக்கு அனுப்பணும்?"

"தெக்க பாத்துல்லா நிக்கி?" என்றார் ஒருவர்.

"காத்து தள்ளியிருக்கும். சுத்தி வாராவ" என்றார் ஏலக்காரர்.

தோளை எடுத்துவிட்டார்கள். பெண்கள் சிலுவை போட்டுக்கொண்டார்கள். அம்மா வீட்டுக்குப் போய் உலை வைத்தாள். மூன்று நாளாக எழாத நாய் இன்றைக்கு ஏன் எழுந்தது என்று ஒருவரும் கேட்கவில்லை. கேட்கிற மனசு யாருக்கும் இல்லை. நானும் கேட்கவில்லை. எனக்கு என் வேலையைச் செய்துவிட்ட சந்தோஷம்.

ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆயிற்று. செவலை நின்ற இடத்தை விட்டு அசையவில்லை. சூரியன் ஊருக்குப் பின்னால் இறங்கியது. அப்புறம் எல்லோருக்கும் கேட்டது. இரண்டு அடி, ஒரு விக்கல். இரண்டு அடி, ஒரு விக்கல்.

தெற்கேயிருந்து கரையோரமாக மாமாவின் வள்ளம் வந்தது. வள்ளத்தின் மூக்கில், முன்னணியத்தில், பூமாலை போட்டிருந்தார். முதல் ஓட்டத்துக்காகக் கரைப் பிள்ளைகளுக்குக் கொடுக்க மிட்டாய்ப் பொட்டலம் வேறு வாங்கி வந்திருந்தார். அதைக் கையில் தூக்கிக் காட்டிக்கொண்டே வந்தார். கரையில் யாரும் கையைத் தூக்கவில்லை. செவலை மட்டும் தண்ணீருக்குள் ஓடி, வள்ளத்தைச் சுற்றிச் சுற்றி வந்தது.

அதற்குமேல் இருட்டிவிட்டது. அதன் பிறகு அவசரமாகத் தேடிப் போன ஒரு வள்ளமும் எதிரே இருக்கிற தீவு வரை போய்த் திரும்பிவிட்டது. விடிந்ததும் ஆறு வள்ளம் போயின. மாமா முதல் ஆளாகப் போனார். அன்று மத்தியானம் அப்பாவையும் கூடப் போன இரண்டு பேரையும் கொண்டுவந்தார்கள். சித்தப்பா வரவில்லை.

 கரைக்கு வந்த மூன்றாம் நாள், அம்மா சோற்றுத் தட்டோடு பக்கத்தில் உட்கார்ந்தபோது அப்பா சொன்னார்.

"எஞ்சின் விசிறியில வலை சுத்திக்கிட்டு நின்னுட்டு. பாயும் இல்ல. காத்து தள்ளிக்கிட்டே போச்சி. ஆனா பொழுது அடையுற வரைக்கும் எல்லாரும் நல்லாத்தான் இருந்தோம். கரையில இருந்து ஆள் வரும் வரும்னு பாத்தோம். இனி வரமாட்டாவன்னு தெரிஞ்ச பொறவுதான், வலையை அறுத்துட்டு வாரேன்னு தம்பி கத்தியோட கடல்ல எறங்குனான்."

அம்மாவின் கையில் சோற்றுத் தட்டு இருந்தது. அவள் அதைக் கீழே வைக்கவும் இல்லை, கொடுக்கவும் இல்லை. கரையில் நடந்தது அப்பாவுக்கு அப்போது தெரியாது. பிறகு யாரோ சொல்லியிருப்பார்கள். அதன்பின் அவர் அந்தப் பேச்சை எடுத்ததே இல்லை.

உடல் கிடைக்காததால் சவப்பெட்டி இல்லாமலே கோயிலில் பூசை வைத்தார்கள். பூசை முடிந்து வந்தவர்களின் கோபத்துக்கு ஓர் இடம் வேண்டியிருந்தது. காற்றைத் திட்ட முடியாது. அம்மாவைத் திட்ட யாருக்கும் மனசு வராது. பாயில் குட்டி போட்ட பூனையை யாரும் ஒன்றும் சொல்லவில்லை; பாயை அதற்கு விட்டுப் போனது அப்பா அல்லவா. மிச்சம் இருந்தது செவலை.

"பொய் நாய்" என்றாள் ஒருத்தி. அது எல்லோர் வாயிலும் ஒட்டிக்கொண்டது. நாய்க்கூறு நின்றது. காரல் விழுகிற இடத்தில் செவலை போய் நிற்கும், ஒருவரும் போட மாட்டார்கள். மற்ற நாய்களுக்கு விழும். குச்சியைக் காக்கைமேல்கூட வீசாத பெண்கள் அதன்மேல் கல்லை வீசினார்கள்.

"பொய்யா எந்திக்கித நாய் கரையில இருக்கப்படாது. நாளைக்கு இன்னொருத்தி குடி கெடும்" என்றார் ஏலக்காரர்.

மாமா சொன்னார்: "தீவுல கொண்டு விட்டுருதேன். அங்கன ஓலைக் குடிசையா வாடி போட்டுத் தங்குதவங்க இருக்காவ, மீன் போடுவாவ. கொல்லவா போறோம்?"

மறுநாள் காலையில் மாமா சாக்கும் கயிறும் எடுத்துக்கொண்டு வந்தார். நாய் தப்பி ஓடும், கடிக்கும், நாலு பேர் வேண்டும் என்று ஆட்களை நிறுத்தியிருந்தார்கள். செவலை தூரத்தில் ஒரு வள்ளத்து நிழலில் படுத்து எங்களையே பார்த்துக்கொண்டிருந்தது. சூடாகட்டும் என்று மாமா முதலில் எஞ்சினைக் கிளப்பினார்.

இரண்டு அடி, ஒரு விக்கல்.

செவலை துள்ளி எழுந்தது. நிறுத்தியிருந்த ஆட்களைத் தாண்டி, தண்ணீரில் பாய்ந்து நீந்தி, வள்ளத்துக்குள் தானாகவே ஏறிவிட்டது. முன்னணியத்துக்கும் பின்னணியத்துக்குமாக ஓடி ஓடித் தேடியது. பிறகு அந்த மரப்பெட்டியை முகர்ந்தது. நெடுநேரம் முகர்ந்தது. அதன்மேல் ஏறாமல் பக்கத்தில் உட்கார்ந்து, தலையை எடுத்துப் பெட்டிமேல் வைத்துக்கொண்டது. வால் மெல்ல ஆடிக்கொண்டிருந்தது.

எனக்கு அந்த இடத்திலேயே எல்லாம் விளங்கிவிட்டது. அது பொய் சொல்லவில்லை. அது என்றைக்கும் அப்பாவுக்காக எழுந்ததில்லை, எங்கள் உலைக்காக எழுந்ததில்லை. சித்தப்பா உட்கார்ந்து வருகிற அந்தச் சத்தத்துக்காக எழுந்தது. அன்றைக்கும் அந்தச் சத்தம்தான் வந்தது. தப்பாகப் படித்தவர்கள் நாங்கள். முதலில் படித்துக் கத்தியவள் நான்.

சொல்லியிருக்கலாம். "மாமா, நிறுத்துங்க, அதுக்கு எஞ்சின்தான் தெரியும்" என்று ஒரு வரி. வாய் வரைக்கும் வந்தது. திரும்பி அம்மாவைப் பார்த்தேன். வாசற்படியில் நின்று இரண்டு கையாலும் முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டிருந்தாள். நாய்மேல் தப்பில்லை என்றால் பிறகு தப்பு யார்மேல்? வள்ளத்தைத் தள்ளவிடாமல் கையை நீட்டியது அம்மா. பத்து வயதுப் பிள்ளைக்கு அவ்வளவு கணக்கு தெரியுமா என்று கேட்காதீர்கள். தெரியும். நான் வாயை மூடிக்கொண்டேன்.

மாமா எஞ்சின் பக்கம் குனிந்தவர் நாயையே ஒரு நிமிஷம் பார்த்துக்கொண்டு நின்றார். அவர் கையில் சாக்கு அப்படியே இருந்தது. "சீக்கிரம் போலே, காத்து எந்திக்கும்" என்று ஏலக்காரர் சத்தம் போட்டார். மாமா போனார். போகப் போக அந்தச் சத்தம் தேய்ந்தது. அதைக் கேட்டு எழ அந்தக் கரையில் எங்களுக்கு நாய் இல்லை.

அதன் பிறகு அம்மா மணி பார்த்து உலை வைத்தாள். அப்பா வரும்வரை அந்தச் சோற்றை நாலு தடவை திறந்து பார்ப்பாள். வேறொரு நாயைக் கரையில் சேர்க்க அப்பாவும் நினைக்கவில்லை. பூனைக்குட்டிகள் கண் திறந்து, வளர்ந்து, வலைக்குவியலில் தங்கள் இடத்தைப் பிடித்துக்கொண்டன.

அம்மா போய் இந்த மாதத்தோடு ஒரு வருஷம் ஆகிறது. அவள் இருந்தவரை இதை நான் யாரிடமும் சொன்னதில்லை. இப்போது சொல்லலாம். உங்களிடம் சொல்வதற்குக் காரணம் ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம்தான். நாய் வண்டிக்கான காகிதத்தில் என் கையெழுத்துக்கு இடம் விட்டு வைத்திருக்கிறீர்களாம். அந்த இடம் காலியாகவே இருக்கட்டும்.

கடைசியாக ஒன்று. எனக்குக் கல்யாணமாகி, என் வீட்டுக்காரர் முதல்முறையாக எங்கள் ஊருக்கு வந்திருந்தார். சாத்தான்குளத்துப் பக்கத்து மனுஷர், கடலில் கால் வைத்தவர் இல்லை. மாப்பிள்ளைக்குக் கடல் காட்ட வேண்டும் என்று மாமா எங்கள் இருவரையும் வள்ளத்தில் ஏற்றிக்கொண்டு போனார். செவலையைக் கொண்டுவிட்டுப் பதிமூன்று வருஷம் ஆகியிருந்தது. எந்த நாயும் அத்தனை வருஷம் அந்தத் தீவில் உயிரோடு இருக்காது. அந்தப் பழைய எஞ்சினும் அப்போது இல்லை. அதைக் காயலான் கடையில் போட்டுவிட்டு மாமா வேறு எஞ்சின் மாற்றி நாலைந்து வருஷம் இருக்கும்.

தீவு தெரிந்தது. உடைமரமும் வெள்ளை மணலும் கண்ணுக்குத் தெளிவாகத் தெரிகிற தூரம் வந்ததும், மாமா எஞ்சினை நிறுத்திவிட்டார். துடுப்பை எடுத்துப் போட ஆரம்பித்தார்.

"எஞ்சின் மக்கர் பண்ணுதா மாமா?" என்று என் வீட்டுக்காரர் பயந்துபோய்க் கேட்டார்.

"இல்ல மாப்ள. இங்கன நான் எஞ்சின் போடமாட்டேன்" என்றார் மாமா. அவர் தீவுப் பக்கம் பார்க்கவே இல்லை.

காற்று எதிராக இருந்தது. அவருக்கு மூச்சு வாங்கியது. நான் எழுந்து, புதுச்சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு, கிடந்த இன்னொரு துடுப்பை எடுத்தேன். தீவைத் தாண்டும்வரை இரண்டு பேரும் துடுப்புப் போட்டோம். ஏன் என்று மாமா என்னிடம் கேட்கவில்லை.